வெட்டுப்பட்ட நேரம்

நம் படங்களில் சோறு எப்படி வருகிறது என்று கவனித்திருக்கிறீர்களா? வேலை முடிந்து வந்த கணவன் முகம் கழுவித் துண்டால் துடைக்கிறான். அடுத்த காட்சித்துண்டில் அவன் முன்னால் இலையில் சோறு ஆவி பறக்க இருக்கிறது. அரிசி களைந்தது, உலை வைத்தது, கஞ்சி வடித்தது, குழம்பு கூட்டியது, அடுப்படியைத் துடைத்தது எல்லாம் அந்த இரண்டு துண்டுகளுக்கு நடுவே போய்விட்டன. படத்தொகுப்பில் இதை ‘வெட்டு’ என்கிறோம். வீட்டில் ஒரு பெண் பத்து நிமிடம் உட்கார்ந்துவிட்டால் ‘வெட்டியாக இருக்கிறாள்’ என்கிறோம். முதல் இடத்தில் அவள் வேலை செய்த நேரம் காணாமல் போகிறது. இரண்டாம் இடத்தில் அவள் வேலை செய்யாத நேரம் மட்டும் கண்ணில் படுகிறது.

கதையை முன்னே தள்ளாத எதையும் வெட்டிவிடு என்பது திரைக்கதை எழுதப் பழகுகிறவர்களுக்குச் சொல்லப்படும் முதல் பாடம். எது கதையை முன்னே தள்ளும் என்பதை யார் முடிவு செய்கிறார்கள்? சண்டை தள்ளும், துரத்தல் தள்ளும், காதலைச் சொல்லும் தருணம் தள்ளும். பாத்திரம் கழுவுவது எந்தக் கதையையும் தள்ளாது. நேற்றுக் கழுவிய அதே சட்டியை இன்றும் கழுவுகிறோம், நாளையும் கழுவுவோம். திரும்பத் திரும்ப வருகிற வேலைக்குக் கதைப்படத்தில் இடமில்லை. பெண்கள் செய்யும் வேலையில் பெரும்பகுதி திரும்பத் திரும்ப வருவதுதான்.

இந்த இலக்கணத்தை உதறிவிட்டு, காலத்தையே தன் பொருளாக எடுத்துக்கொண்ட பரிசோதனைப் படங்கள் உண்டு. அவற்றைப் பற்றி எழுதுகிறவர்கள் நினைவு, கனவு, இருப்பு என்று பெரிய சொற்களில் பேசுவார்கள். என் கேள்வி சிறியது. வெட்டாமல் விடப்பட்ட அந்த நேரத்தில் திரையில் இருக்கும் பெண் என்ன செய்துகொண்டிருக்கிறாள்? அவள் காத்திருக்கிறாளா, வேலை செய்கிறாளா? காத்திருப்பதும் வேலைதான் என்று அந்தப் படத்துக்குத் தெரிந்திருக்கிறதா?

மயிலாடுதுறையில் கல்லூரி மாணவிகள் சிலருடன் சனிக்கிழமைகளில் படம் பார்த்துப் பேசும் சிறு வட்டம் ஒன்றில் நானும் இருக்கிறேன். அங்கே பார்த்த மூன்று படங்களை வைத்து இந்தக் கேள்வியைத் தொடர்கிறேன். மணி கௌலின் ‘உஸ்கி ரோட்டி’ (1969), ஷாந்தால் அக்கர்மனின் ‘ழான் தீல்மான்’ (1975), பி.எஸ். வினோத்ராஜின் ‘கூழாங்கல்’ (2021).

*

படங்களுக்குப் போகும் முன் ஒன்றைச் சொல்ல வேண்டும். காலத்தையும் பெண்ணையும் சேர்த்து யோசிக்கச் சினிமா நமக்குக் கற்றுக்கொடுக்கவில்லை. நம் பொருளிலக்கணம் நிலங்களுக்குப் பெரும்பொழுதும் சிறுபொழுதும் வகுத்தது. முல்லைக்குக் கார்காலம், மாலை நேரம். அதன் உரிப்பொருள் இருத்தல். பிரிந்துபோன தலைவன் வரும்வரை பொறுத்து இருத்தல். நெய்தலுக்கு எற்பாடு, இரங்கல். எங்கள் காவிரிச் சமவெளி மருதம். அதற்கு வைகறை, ஊடல். பரத்தையிடம் போய்விட்டு விடியலில் திரும்பி வருபவனோடு தலைவி பிணங்குகிறாள். நிலம் மாறுகிறது, பொழுது மாறுகிறது, அவன் வெளியே இருப்பதும் அவள் உள்ளே இருப்பதும் பெரிதாக மாறுவதில்லை.

எங்கள் மாவட்டத்துக் காப்பியத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். கண்ணகி பிறந்த பூம்புகார் மயிலாடுதுறையிலிருந்து பேருந்தில் போய்த் திரும்பக்கூடிய தொலைவில் இருக்கிறது. சிலப்பதிகாரத்தின் புகார்க் காண்டத்தில் மாதவியின் அரங்கேற்றத்துக்கு ஒரு முழுக் காதை உண்டு. மேடையின் நீள அகலம் வரை இளங்கோ அளந்து சொல்கிறார். இந்திர விழாவுக்கு ஒரு காதை, கடற்கரைப் பாடல்களுக்கு ஒரு காதை. இதற்கிடையே மணிமேகலை பிறக்கும் அளவுக்குக் காலம் ஓடியிருக்கிறது. அந்தக் காலம் முழுவதும் கண்ணகி தன் வீட்டில் இருந்திருக்கிறாள். அந்திமாலையில் அவள் என்னென்ன அணியவில்லை என்ற பட்டியல் ஒன்று நமக்குக் கிடைக்கிறது. பிறகு தேவந்தியோடு ஒரு சிறு உரையாடல். அவ்வளவுதான். அவள் என்ன சமைத்தாள், யாரோடு பேசினாள், இரவு எத்தனை மணிக்கு விளக்கை அணைத்தாள் என்பதெல்லாம் வெட்டுக்குள் போய்விட்டன. காத்திருப்பு அவளுடைய கற்பாக மாறியபின் அதற்கு விவரம் தேவைப்படவில்லை.

காத்திருப்பு ஓர் உணர்ச்சி என்றும், பெண்ணுக்கு அது ஒரு குணம் என்றும் நாம் நீண்ட காலமாகப் படித்துவந்திருக்கிறோம். அது ஓர் உழைப்பு என்று படித்ததில்லை.

*

‘உஸ்கி ரோட்டி’ மோகன் ராகேஷின் இந்திச் சிறுகதையை வைத்து எடுக்கப்பட்டது. பஞ்சாப் கிராமம் ஒன்றில் வாழும் பாலோ, பேருந்து ஓட்டுநரான தன் கணவன் சுச்சா சிங்குக்கு ரொட்டி சுட்டு எடுத்துக்கொண்டு நெடுஞ்சாலை நிறுத்தத்துக்கு நடந்து வருகிறாள். அவன் பேருந்து அவ்வழியே வரும்போது கொடுக்க வேண்டும். ஒருநாள் அவள் பிந்திவிடுகிறாள். கோபத்தில் அவன் சாப்பாட்டை வாங்காமல் போகிறான். அவள் நிற்கிறாள். இருட்டும்வரை நிற்கிறாள்.

புணே திரைப்படக் கல்லூரியில் ரித்விக் கட்டக்கிடம் படித்துவிட்டு வந்த கௌல், 25 வயதை ஒட்டிய பருவத்தில் இதை எடுத்தார். அரசின் திரைப்பட நிதிக் கழகம் பணம் கொடுத்தது. ஒளிப்பதிவு கே.கே. மகாஜன். 28 மி.மீ., 135 மி.மீ. என்ற இரண்டே வில்லைகளை வைத்துக்கொண்டு, ஒன்றை நடப்பதற்கும் மற்றதை அவள் மனதில் ஓடுவதற்கும் என்று தொடங்கி, போகப் போக இரண்டையும் கலந்துவிட்டார்கள். எது நடக்கிறது, எதை அவள் நினைத்துக்கொள்கிறாள் என்று பிரிக்க முடியாத நிலைக்குப் பார்வையாளரும் வந்துசேர்கிறார். நெடுநேரம் நிறுத்தத்தில் நின்ற எவருக்கும் இந்த நிலை தெரியும். தூரத்தில் தெரிவது பேருந்தா, வெயிலில் தெரியும் பொய்த்தோற்றமா என்று கண்ணே ஏமாற்றும். காத்திருப்பவளின் மனதில் காலம் எப்படிக் குழம்பும் என்பதை வசனத்தால் சொல்லாமல் வில்லையால் சொன்ன படம் இது. ‘சலிப்பூட்டுகிறது’ என்று அன்று திட்டித் தீர்த்தவர்கள் பலர். சலிப்பு அங்கே யாருக்கு என்று கேட்டிருந்தால் படம் புரிந்திருக்கும்.

படத்தின் தலைப்பில் ஒரு நுட்பம் இருக்கிறது. இந்தியில் ‘உஸ்கி’ என்றால் அவனுடைய என்றும் பொருள், அவளுடைய என்றும் பொருள். ரொட்டி பெண்பாற்சொல் என்பதால் சொல் அப்படி முடிகிறதே தவிர, உடைமையாளர் ஆணா பெண்ணா என்பது தலைப்பில் தெரியாது. தமிழில் அந்த வசதி இல்லை. ‘அவன் ரொட்டி’ என்றோ ‘அவள் ரொட்டி’ என்றோ தேர்ந்தெடுத்துத்தான் ஆகவேண்டும். எங்கள் வட்டத்தில் இதைச் சொன்னபோது வாக்குவாதம் வந்தது. சாப்பிடுகிறவனுடையது என்று ஒரு பாதி. மாவு பிசைந்து, சுட்டு, துணியில் கட்டி, நடந்து வந்து, நாள் முழுக்கக் கையில் வைத்திருப்பவளுடையது என்று இன்னொரு பாதி.

ஆனால் கௌலின் படத்தில் அந்த இரண்டாம் பாதி எவ்வளவு இருக்கிறது? பாலோவின் கைகள் மாவில் இருப்பதைக் காட்டும் காட்சிகள் உண்டு. அவை அழகானவை. அம்ரிதா ஷேர்கிலின் ஓவியங்களை மனதில் வைத்து அமைக்கப்பட்டவை என்று சொல்லப்படும் அந்தச் சட்டகங்களில் பாலோ அசையாமல் நிற்கிறாள், தாழ்ந்த குரலில் ஏற்ற இறக்கமின்றிப் பேசுகிறாள், பார்வை எங்கோ இருக்கிறது. அவளுடைய காலத்தைப் படம் மதிக்கிறது. ஆனால் மதிக்கிற வேகத்தில் அவளைச் சிலையாக்கியும் விடுகிறது. கால் வலித்து எடையை ஒரு காலிலிருந்து மறு காலுக்கு மாற்றுவது, சிறுநீர் கழிக்க இடமில்லாமல் பொறுப்பது, அந்தச் சாலையில் தனியாக நிற்கும் பெண்ணைப் போகிறவர் வருகிறவர் பார்க்கும் பார்வையைச் சமாளிப்பது என்று நிற்பதற்குள் இருக்கும் வேலைகள் ஓவியத்துக்குள் அடங்குவதில்லை.

அதைவிட முக்கியமான ஒன்று, அவள் ஏன் பிந்தினாள் என்பது. ஊரில் ஒருவன் அவள் தங்கையிடம் தவறாக நடந்துகொண்டதால்தான் பாலோ நேரத்துக்குக் கிளம்ப முடியவில்லை. ஒரு பெண்ணின் உடல்மேல் நடந்த அத்துமீறல் இன்னொரு பெண்ணின் நேரத்தைத் தின்றது. அந்த நேரத்துக்கான தண்டனையும் அவளுக்கே. இந்தக் கணக்கைப் போட வேண்டிய எல்லாத் தகவலும் படத்தில் இருக்கின்றன. கணக்கைப் போட்டுப் பார்க்கப் படம் ஆர்வம் காட்டுவதில்லை.

எங்கள் ஊரில் பிந்தி வந்தவருக்கு ஒரு கதை உண்டு. ஐப்பசி முழுவதும் காவிரியில் துலா முழுக்கு. மாதக் கடைசி நாள் கடைமுழுக்கு. நடக்க இயலாத ஒருவர் தட்டுத் தடுமாறி வந்துசேர்வதற்குள் மாதம் முடிந்துவிட, அவருக்காக இறைவன் கார்த்திகை முதல் நாளையும் சேர்த்துக் கொடுத்தாராம். அந்த நாளுக்கு ‘முடவன் முழுக்கு’ என்று இன்றும் பெயர். அன்றும் கூட்டம் காவிரியில் முழுகுகிறது. பிந்தியவர் ஏன் பிந்தினார் என்று கேட்டு, காலத்தையே ஒருநாள் நீட்டிக்கொடுத்த கதை அது. பாலோவுக்கு அப்படி ஒரு நாள் கிடைக்கவில்லை. பிந்தி வந்த பெண்ணுக்காக நாள் நீட்டப்பட்ட தலக்கதை எதையும் நான் கேட்டதில்லை.

படம் முடிந்த அன்று மாணவிகள் பேசியது பெரும்பாலும் பேருந்து நிறுத்தத்தைப் பற்றித்தான். 2021 மே மாதத்திலிருந்து தமிழ்நாட்டில் சாதாரணக் கட்டண நகரப் பேருந்துகளில் பெண்கள் காசில்லாமல் போகலாம். அந்தத் திட்டத்தின் அருமை எங்களுக்குத் தெரியும். வீட்டு ஆணிடம் காசு கேட்காமல், காரணம் சொல்லாமல் ஒரு பெண் வெளியே கிளம்ப முடிவது சின்ன விஷயமல்ல. இந்த வட்டத்துக்கே பாதிப்பேர் அந்தப் பேருந்தில்தான் வருகிறார்கள். ஆனால் நிறுத்தத்தில் நின்று பாருங்கள். தனியார் பேருந்து வந்தால் ஆண்கள் ஏறிப் போய்விடுகிறார்கள். பெண்கள் பலர் ஏறாமல், கட்டணமில்லாப் பேருந்து வரும்வரை நிற்கிறார்கள். காசுக்குப் பதில் நேரத்தைக் கொடுக்கிறார்கள். பெண்ணின் நேரத்துக்கு விலை கிடையாது என்று எல்லாரும் ஒத்துக்கொண்டிருப்பதால், அவள் எதையும் கொடுக்கவில்லை என்றே நமக்குத் தோன்றுகிறது.

*

‘ழான் தீல்மான்’ 3 மணி 21 நிமிடப் படம். முழுத் தலைப்பு அவள் பெயரும் முகவரியும்தான்: பிரஸ்ஸல்ஸ் நகரம், கே தியு கொமெர்ஸ் தெரு, எண் 23. பெல்ஜியத்தைச் சேர்ந்த அக்கர்மனுக்கு, படம் 1975இல் கான் விழாவில் திரையிடப்பட்டபோது, 25 வயது நிறைந்திருக்கவில்லை. ஒளிப்பதிவு பாபெட் மாங்கோல்ட் என்ற பெண். படக்குழுவிலும் பெரும்பாலோர் பெண்கள். 2022இல் பிரிட்டனின் ‘சைட் அண்ட் சவுண்ட்’ இதழ் நடத்திய வாக்கெடுப்பில், எக்காலத்துக்குமான சிறந்த படம் என்று விமர்சகர்கள் இதைத் தேர்ந்தெடுத்தார்கள். ஒரு பெண் இயக்கிய படம் அந்த இடத்துக்கு வந்தது அதுவே முதல்முறை.

கணவனை இழந்த ழான், பள்ளி செல்லும் மகனுடன் சிறு குடியிருப்பில் வாழ்கிறாள். உருளைக்கிழங்கு சீவுகிறாள், வேகவைக்கிறாள், பாத்திரம் கழுவுகிறாள், படுக்கையை மடிக்கிறாள், அறையை விட்டு வெளியேறும்போதெல்லாம் விளக்கை அணைக்கிறாள். பிற்பகலில் ஓர் ஆண் வருகிறான். அவனோடு படுக்கையறைக்குப் போகிறாள். அவன் தரும் பணத்தைச் சாப்பாட்டு மேசைமேல் இருக்கும் மூடிபோட்ட கிண்ணத்தில் வைக்கிறாள். அடுப்பில் கிழங்கு வேகிற நேரமும் அவன் வந்துபோகிற நேரமும் ஒன்றுக்குள் ஒன்று பொருந்துகின்றன. மூன்று நாள்கள் இப்படி. ஆடாத அசையாத ஒளிப்பதிவுக் கருவி எதிரே நின்று பார்க்கிறது. பாத்திரம் கழுவ எவ்வளவு நேரமோ அவ்வளவு நேரமும் பார்க்கிறது.

நாங்கள் இதை ஒரே அமர்வில் பார்க்கவில்லை, பார்க்கவும் முடியாது. மாலை ஆறு மணிக்குள் மாணவிகள் வீட்டிலோ விடுதியிலோ இருக்க வேண்டும். மூன்று நாள் கதையை மூன்று சனிக்கிழமைகளாகப் பிரித்தோம். முதல் சனிக்கிழமை அறையில் சிரிப்பு, கைப்பேசி, கொட்டாவி. ‘எங்க அம்மாவைப் பார்த்தா போதாதா, இதை எதுக்கு மேடம் பார்க்கணும்’ என்று ஒருத்தி கேட்டாள். இரண்டாம் சனிக்கிழமை ழானின் உருளைக்கிழங்கு குழைந்துபோகிறது. வந்த ஆண் போன பிறகு அவளுக்கு நேரம் பிசகிவிட்டது. குழைந்த கிழங்குச் சட்டியைக் கையில் வைத்துக்கொண்டு, எங்கே கொட்டுவது என்று தெரியாமல் அவள் அந்தச் சின்ன வீட்டுக்குள் அலைகிறாள். பணக் கிண்ணத்தின் மூடி திறந்தே கிடக்கிறது. முதல் வாரம் சிரித்தவர்கள்தான் முதலில் பதறினார்கள். மூடி, மூடி என்று குரல் வந்தது.

இந்தப் பதற்றம் எங்கிருந்து வந்தது? படத்தில் பயமுறுத்தும் இசை இல்லை, முகத்தை நெருங்கிக் காட்டவும் இல்லை. ஒழுங்காக நடந்த ஒரு நாளை முழு நீளத்துக்குப் பார்த்ததால், அடுத்த நாளில் ஒரு மூடி திறந்திருப்பதே விபரீதமாகத் தெரிந்தது. முத்தத்துக்கும் கார் விபத்துக்கும் மேல்படி, பாத்திரம் கழுவுவதற்குக் கீழ்ப்படி என்று படிமங்களுக்குள்ளேயே ஒரு படிநிலை இருப்பதாக அக்கர்மன் நேர்காணலில் சொல்லியிருக்கிறார். படிநிலை என்றால் என்ன என்று நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. எந்த வேலை தாழ்ந்தது என்று தீர்மானிக்கப்பட்டதோ, அந்த வேலை கண்ணுக்குத் தெரியாத இடத்துக்குத் தள்ளப்படும். ஊரிலும் அப்படி, படத்திலும் அப்படி.

மூன்றாம் நாள் அவள் நேரத்துக்கு முன்பே எழுந்துவிடுகிறாள். எல்லாம் முன்கூட்டியே முடிந்து, நடுவே வெறும் நேரம் கிடக்கிறது. அந்த வெறும் நேரத்தில் உட்கார்ந்திருப்பது அவளால் முடியவில்லை. வேலை அவளை நசுக்கியது உண்மை. வேலைதான் அவளை யோசிக்கவிடாமல் காப்பாற்றியது என்பதும் உண்மை. அன்று வந்த ஆணை அவள் கத்தரிக்கோலால் குத்துகிறாள். பிறகு இருட்டில், மேசையருகே, சுமார் 7 நிமிடம் ஒன்றும் செய்யாமல் உட்கார்ந்திருக்கிறாள். மூன்று நாளில் வேலையும் இல்லாமல், யாருக்காகவும் காத்திருக்காமல் அவள் அமைதியாக இருக்கும் நேரம் அது ஒன்றுதான். அதற்கு ஒரு கொலை வேண்டியிருந்தது.

நேரத்தை இழுப்பது கலைப்படங்கள் மட்டும் செய்கிற காரியமல்ல. நம் தொலைக்காட்சித் தொடர்களும் இழுக்கின்றன. மருமகள் ஒரு உண்மையைச் சொன்னதும் கூடத்தில் இருக்கும் ஒவ்வொரு முகத்தையும் மூன்று முறை அதிர்ச்சி ஓசையோடு காட்டுவார்கள். அரை நிமிட விஷயம் ஒரு நாள் பகுதியாகிவிடும். ஆனால் அவர்கள் இழுப்பது உணர்ச்சியை. பளபளக்கும் சமையலறையில் பட்டுச்சேலையில் நிற்பவள் ஒரு கேரட்டை நறுக்க எடுப்பாள், மாமியார் வருவார், கேரட் அப்படியே இருக்கும். பெண்களுக்காகவே எடுக்கப்படும் தொடர்களிலும் வேலை வெட்டுப்பட்டுத்தான் போகிறது.

இதில் இன்னொரு பக்கமும் உண்டு. தொடரைக் காதால் பார்க்கலாம். அடுப்படியில் நின்றபடி, கூடத்தில் ஓடும் தொலைக்காட்சியின் வசனத்தைக் கேட்டே கதையைப் பிடித்துக்கொள்ளலாம். கைகள் ஓயாத பெண்களுக்கு ஏற்ற வடிவம் அது. ‘ழான் தீல்மானை’ அப்படிப் பார்க்க முடியாது. அதில் பேச்சே குறைவு. கண்ணையும் ஓய்ந்த கைகளையும் அந்தப் படம் கேட்கிறது. ஒரு பெண்ணின் அடுப்படி நேரத்தை முழுதாகக் காட்டும் படத்தை, அடுப்படியில் நேரமெல்லாம் போகிற பெண்ணால் பார்க்க முடியாது. இந்த முரணைச் சொல்லாமல் அக்கர்மனைக் கொண்டாடுவது நியாயமாகாது. மூன்று சனிக்கிழமையாகப் பிரித்ததை ஒரு குறையாக எண்ணாமல், எங்கள் நேரத்துக்கு ஏற்ப அந்தப் படத்தை எடுத்துக்கொண்ட வழி என்றே நினைக்கிறேன்.

*

ழானின் வீட்டில் குழாயைத் திறந்தால் தண்ணீர் வருகிறது. அவள் தனியாக வேலை செய்கிறாள், கதவை மூடிக்கொண்டு. உழைக்கும் பெண்ணின் காலம் எல்லா இடத்திலும் அப்படி மூடிய அறைக்குள் ஓடுவதில்லை.

எங்கள் பகுதியில் ஜூன் 12இல் மேட்டூர் திறக்கும் என்பது வழக்கம். திறந்த தண்ணீர் கல்லணை தாண்டி, ஆறு பிரிந்து, வாய்க்கால் பிரிந்து சீர்காழி, பூம்புகார் கடைமடைக்கு வர நாள்கள் பிடிக்கும். சில ஆண்டுகளில் வந்தே சேராது. தண்ணீர் வந்தால்தான் நாற்றங்கால், நாற்று வந்தால்தான் நடவு, நடவு வந்தால்தான் பெண்களுக்குக் கூலி. நடவுக்கு இறங்கும் பெண்களில் பெரும்பாலோர் தலித் பெண்கள். குனிந்த முதுகோடு ஒரு மா, இரண்டு மா என்று நட்டு முடிக்கும் அந்த வேலைக்கு நாள் கணக்கு உண்டு. தண்ணீர் வருமா என்று வேறு வேலைக்குப் போகாமல் பார்த்திருந்த நாள்களுக்குக் கணக்கு இல்லை. இப்போது நடவு இயந்திரமும் வந்துவிட்டது. ஒரு நாள் வேலையை அது சுருக்குகிறது. சுருங்கியதில் மிச்சமான நேரம் அந்தப் பெண்களிடம் ஓய்வாக வந்து சேரவில்லை, வேலையின்மையாக வந்து சேர்ந்தது. நேரத்தை மிச்சப்படுத்தும் கருவி யாருடைய நேரத்தை, யாருக்காக மிச்சப்படுத்துகிறது என்பது வயலிலும் கேட்க வேண்டிய கேள்வி.

இதனால்தான் மாணவிகள் மூன்றாவதாகப் பார்த்த ‘கூழாங்கல்’ அவர்களுக்கு நெருக்கமாக இருந்தது. அது எங்கள் நிலமல்ல. மதுரை மாவட்டம் மேலூர்ப் பக்கத்து வறண்ட நிலம். குடிகாரக் கணவன் கணபதி, கோபித்துக்கொண்டு பிறந்தகம் போய்விட்ட மனைவி சாந்தியைக் கூட்டிவர மகன் வேலுவைப் பள்ளியிலிருந்து இழுத்துக்கொண்டு போகிறான். திரும்பும்போது பையன் பேருந்துப் பணத்தைக் கிழித்துவிட, இருவரும் கொதிக்கும் வெயிலில் நடந்தே வருகிறார்கள். ஒன்றேகால் மணி நேரப் படம். ரோட்டர்டாம் விழாவில் 2021இல் புலி விருது பெற்றது.

தன் சகோதரி கணவன் வீட்டிலிருந்து துரத்தப்பட்டு, கைக்குழந்தையோடு 13 கிலோமீட்டர் நடந்தே பிறந்தகம் வந்ததுதான் இப்படத்துக்குத் தூண்டுதல் என்று வினோத்ராஜ் சொல்லியிருக்கிறார். ஒரு பெண் நடந்த நடையை எடுத்து, படம் ஓர் ஆணை நடக்க வைக்கிறது. வெயிலும் தாகமும் கால் சூடும் அவன் தலையில். எனக்குப் பிடித்த மாற்றம் இது. ஆனால் அதற்கு ஒரு விலை உண்டு. நடை ஆணுடையதாகிவிட்டதால் படத்தின் பெரும்பகுதிக் காலமும் ஆணுடையதாகிவிடுகிறது. சாந்தி திரைக்கு வெளியே பேச்சுப்பொருளாகவே இருக்கிறாள்.

அந்த விலையைப் படம் தன் இறுதியில் திருப்பிக் கொடுக்கிறது. தரையில் தோண்டிய ஊற்றுக்குழி. அதைச் சுற்றிப் பெண்களும் குடங்களும். அடியில் ஊறும் கொஞ்சம் தண்ணீரை ஒருத்தி சிறு பாத்திரத்தால் வழித்து வழித்துக் குடத்தில் ஊற்றுகிறாள். மீண்டும் ஊறும்வரை பொறுக்க வேண்டும். மற்றவர்கள் தங்கள் முறைக்குக் காத்திருக்கிறார்கள். அவசரமில்லாமல், வெட்டாமல் படம் இதைப் பார்த்துக்கொண்டே இருக்கிறது. அதுவரை கணபதியின் கோபத்தின் வேகத்தில் ஓடிய காலம் இங்கே தண்ணீர் ஊறும் வேகத்துக்கு வந்துவிடுகிறது.

நான் கேட்ட கேள்விக்கு மூன்று படங்களில் இந்தக் காட்சியே தெளிவாகப் பதில் சொல்கிறது. இங்கே காத்திருப்பும் வேலையும் பிரிந்து கிடக்கவில்லை. குழியருகே உட்கார்ந்திருப்பவள் ‘சும்மா’ உட்கார்ந்திருக்கவில்லை. அவள் எழுந்து போனால் முறை போய்விடும், முறை போனால் இரவுச் சோறு போய்விடும். அவளைத் தனியொரு சோகச் சிலையாக்கவும் படம் முயலவில்லை. நாலைந்து பேர் சேர்ந்து காத்திருக்கிறார்கள்.

இதே இயக்குநரின் ‘கொட்டுக்காளி’ (2024) இன்னொரு திசையில் போகிறது. வேறு சாதிப் பையனைக் காதலித்த மீனாவுக்குப் பேய் பிடித்திருப்பதாகச் சொல்லி, உறவினர்கள் அவளை ஆட்டோவில் ஏற்றிச் சாமியாரிடம் கொண்டுபோகிறார்கள். பின்னணி இசை இல்லை. மீனா கிட்டத்தட்ட முழுப் படத்திலும் பேசுவதில்லை. வழிநெடுக ஆண்களின் கோபத்துக்கும் குடிக்கும் இயற்கை அழைப்புக்கும் வண்டி நிற்கிறது, கிளம்புகிறது. எப்போது நிற்பது, எப்போது கிளம்புவது என்ற உரிமை யாரிடம் இருக்கிறதோ அவர்களிடமே காலம் இருக்கிறது. மீனாவிடம் மிச்சமிருப்பது பதில் சொல்லாமல் இருக்கும் நேரம். அதை அவள் யாருக்கும் விட்டுக்கொடுக்கவில்லை.

*

நீண்ட காட்சித்துண்டு என்பதாலேயே ஒரு படம் பெண்ணுக்கு நியாயம் செய்துவிடாது. மெதுவாக நகரும் படத்திலும் அவள் சன்னலோரப் பொம்மையாக இருக்கலாம். காட்சித்துண்டு எத்தனை நிமிடம் என்று எண்ணுவதோடு, அந்த நிமிடங்களில் அவள் கை என்ன செய்கிறது, யாருக்காகச் செய்கிறது, அவளை நிற்க வைத்தவர் எங்கே என்று கேட்க வேண்டும். பாலோவின் படத்தில் முதல் கேள்வி பலவீனமாக இருக்கிறது. ழானின் படத்தில் முதல் கேள்விக்கு இணையே இல்லை. ஊற்றுக்குழிக் காட்சியில் மூன்றையும் கேட்கலாம்.

படங்கள் முடிந்தபின் மாணவிகளுக்கு ஒரு பயிற்சி கொடுத்தோம். வீட்டில் இருக்கும் ஒரு பெண்ணைக் கைப்பேசியில் 5 நிமிடம் படம் எடுக்க வேண்டும். கருவி அசையக் கூடாது, வெட்டக் கூடாது. பெரும்பாலான அம்மாக்கள் கேட்ட கேள்வி ஒன்றே: ‘இதுல எடுக்க என்ன இருக்கு?’ ஒருத்தியின் படத்தில் அம்மா சட்டகத்தை விட்டுக் கொல்லைக்குப் போய்விடுகிறார். வெறும் அடுப்படியும் வெளியே குடம் நிறையும் ஓசையும் மட்டும் இருக்கின்றன. இன்னொருத்தியை இரண்டாம் நிமிடத்திலேயே அம்மா கூப்பிட, படம் எடுப்பவளே சட்டகத்துக்குள் வந்து வடிதட்டைப் பிடிக்கிறாள். மூன்றாவது ஒரு பாட்டியின் படம். வேலையெல்லாம் விட்டுவிட்டுப் பாட்டி திண்ணையில் சும்மாதான் இருப்பார் என்று சொல்லித்தான் அந்தப் பெண் அதைப் போட்டுக் காட்டினாள். வாசலில் நெல் காய்கிறது. 5 நிமிடத்தில் பாட்டி நான்கு முறை கோழியை விரட்டினார், ஒருமுறை எழுந்து காலால் நெல்லைக் கிண்டிவிட்டார், ஒருமுறை வானத்தைப் பார்த்து மழை வருமா என்று கணித்தார்.

அதைப் பார்த்த பிறகு அந்தப் பேத்தி ‘சும்மா’ என்ற சொல்லைத் தன் குறிப்பேட்டிலிருந்து அடித்துவிட்டு, அந்த இடத்தில் என்ன எழுதுவது என்று எங்களைக் கேட்டாள். ‘காவல்’ என்றாள் ஒருத்தி. ‘கூலியில்லாத காவல்’ என்று இன்னொருத்தி திருத்தினாள். அப்படியே எழுதிக்கொண்டாள்.